டாகோ மாகோ: கேட்டவர்கள் எல்லாரும் கேட்ட கேள்விகள்

கேன் என்ற ஜெர்மன் ராக் குழு 1971இல் வெளியிட்ட இரட்டை இசைத்தட்டு டாகோ மாகோ. பாட்டு கேட்பதில் கொஞ்சம் பைத்தியம் உள்ள யாரைப் பார்த்தாலும் இதைத் தலையில் கட்டிவிடுவது என் கெட்ட பழக்கம். ஒரு வாரத்தில் போன் வரும். கேள்விகள் ஏறக்குறைய ஒரே வரிசையில்தான் வரும். பதில் சொல்லிச் சொல்லி வாய் வலித்ததால் எழுதி வைத்துவிட்டேன். கேள்விகளைக் கேட்டவர்கள் கேட்டபடியே விட்டிருக்கிறேன்.

“கேன்னு தேடினா தண்ணி கேன்தான் வருது. யாரு சார் இவங்க?”

அதே கேன்தான், தகர டப்பா. 1968இல் ஜெர்மனியின் கொலோன் நகரில் தொடங்கிய குழு. ஹோல்கர் சூகாய் பாஸ் கிட்டார் வாசித்தார், ஒலிநாடாக்களும் அவர் பொறுப்பு. இர்மின் ஷ்மிட் கீபோர்டு, யாக்கி லீபட்சைட் டிரம்ஸ், மிகாயேல் கரோலி கிட்டார். சூகாயும் ஷ்மிட்டும் நவீன இசையமைப்பாளர் ஸ்டாக்ஹவுசனிடம் படித்தவர்கள். ஷ்மிட் முறைப்படி பயின்ற ஆர்க்கெஸ்ட்ரா நடத்துநரும்கூட. லீபட்சைட் ஜாஸ் உலகத்திலிருந்து வந்தவர்.

குழு தொடங்கியபோது இவர்கள் மூவருக்கும் முப்பது வயதைத் தொட்டாயிற்று. ராக் உலகத்தில் அது ரிட்டயர்மென்ட் வயது. கரோலி மட்டும் இருபது வயதுப் பையன். சூகாய் இசை ஆசிரியராக வேலை பார்த்தபோது அவரிடம் படித்த மாணவர். ஆனால் வாத்தியாருக்கு பீட்டில்ஸைக் கேட்கக் கற்றுக்கொடுத்தது அந்த மாணவர்தான்.

“ஜெர்மன் குழுங்கறீங்க, பாடறவர் குரல் ஜெர்மன்காரர் மாதிரி இல்லையே?”

இல்லைதான். அவர் டாமோ சுசுகி, 1950இல் ஜப்பானில் பிறந்தவர். ஊர் ஊராகத் தெருவில் பாடிக்கொண்டு ஐரோப்பாவைச் சுற்றிக்கொண்டிருந்தார். குழுவின் முதல் பாடகர் மால்கம் மூனி ஒரு அமெரிக்கச் சிற்பக் கலைஞர். மனநிலை பாதிக்கப்பட்டு அவர் ஊர் திரும்பிவிட்டதால் பாட ஆள் இல்லை.

1970 மே மாதம், ம்யூனிக் நகரில் சூகாயும் லீபட்சைட்டும் ஒரு காபிக் கடைக்கு வெளியே உட்கார்ந்திருக்கிறார்கள். தெருவில் ஒரு நீளமுடிக்காரர் வானத்தைப் பார்த்துக் கத்தியபடி வருகிறார். சூகாய் எழுந்து போய், இன்று ராத்திரி எங்கள் கச்சேரியில் பாட வருகிறாயா என்று கேட்கிறார். ஒத்திகை உண்டா? கிடையாது. அன்று இரவே மேடையேறினார். முதலில் அமைதியாகப் பாடியவர் திடீரென்று ஆவேசமாகிக் கத்த ஆரம்பிக்க, கூட்டத்தில் பெரும்பகுதி வெளியேறிவிட்டது என்பார்கள். குழுவுக்கோ, ஆள் கிடைத்துவிட்டார் என்று சந்தோஷம்.

“டாகோ மாகோன்னா என்ன அர்த்தம்? மந்திரமா?”

ஸ்பெயினின் இபிசா தீவுக்குப் பக்கத்தில் உள்ள ஒரு குட்டித் தீவின் பெயர். பெயரைக் கொண்டுவந்தவர் லீபட்சைட். கேனுக்கு முன்பு ஸ்பெயினில் ஜாஸ் வாசித்துக்கொண்டிருந்தவர். அலிஸ்டர் க்ரோலி என்ற பிரிட்டிஷ் மாந்திரீகரோடு இந்தத் தீவை இணைத்துச் சொல்லும் கதையும் சுற்றிக்கொண்டிருக்கிறது. க்ரோலி பின்னால் இன்னொரு கேள்வியிலும் வருவார்.

“கோட்டையில தங்கி ரெக்கார்ட் பண்ணாங்களாமே, நிஜமா?”

நிஜம். கொலோனுக்கு அருகில் உள்ள நோர்வெனிக் என்ற ஊரின் பழைய கோட்டை மாளிகை அது. அதை வைத்திருந்த கலைச் சேகரிப்பாளர் குழுவுக்கு வாடகையில்லாமல் இடம் கொடுத்தார். முதல் ஆல்பமான மான்ஸ்டர் மூவியும் அங்கே உருவானதுதான். டாகோ மாகோவின் பதிவு 1970 நவம்பரில் தொடங்கி 1971 பிப்ரவரி வரை நடந்தது.

இடம் ஓசி என்பதில் பெரிய விஷயம் ஒன்று இருக்கிறது. சாதாரண ஸ்டுடியோவில் மணிக்கணக்கில் வாடகை ஓடும், ஒரு நிமிடம் சும்மா வாசித்தாலும் காசு. இவர்களுக்கு அந்தக் கவலை இல்லை. விடிய விடிய ஒரே தாளத்தைச் சுற்றிச் சுற்றி வாசிக்கலாம். உயரமான கூரையும் கல்சுவரும் கொண்ட இடம் என்பதால் எதிரொலியும் இலவசமாகக் கிடைத்தது. கோட்டை என்றதும் பேய், பூசாரி என்று கற்பனை பண்ணுகிறவர்கள் உண்டு. எனக்கு அந்தக் கோட்டையில் பிடித்தது அங்கே மீட்டர் ஓடவில்லை என்பதுதான்.

“எல்லாம் முன்னாடியே எழுதி வெச்சு வாசிச்சதா, இல்ல அந்த நேரத்துல தோணினதா?”

இரண்டும் இல்லை. இந்த ஆல்பத்தைப் பற்றி ஒரே ஒரு கேள்விதான் கேட்கலாம் என்றால் இதைத்தான் கேட்க வேண்டும்.

குழு உட்கார்ந்து நீண்ட நேரம் சேர்ந்து வாசிக்கும். யாரும் எதையும் எழுதிக் கொண்டுவருவதில்லை, பாடல் யாருடையது என்ற உரிமைப் பேச்சும் இல்லை, பெயர் போடும்போது எல்லோர் பெயரும். ரெக்கார்டர் ஓடிக்கொண்டே இருக்கும். சூகாய் இன்னொரு வேலையும் பார்த்தார். ஒரு பதிவு முடிந்து அடுத்ததற்குத் தயாராகும் இடைவெளியில், மற்றவர்கள் சும்மா தட்டிக்கொண்டும் மீட்டிக்கொண்டும் இருப்பதை அவர்களுக்குச் சொல்லாமலே பதிவு செய்துகொள்வார். கவனிக்கப்படுகிறோம் என்று தெரியாத நேரத்தில் வரும் வாசிப்புக்கு ஒரு தனி நிறம் உண்டு. கல்யாண போட்டோவில் போஸ் கொடுத்த படங்களை விட, பந்தியில் யாரோ எடுத்த படம் நன்றாக இருப்பது மாதிரி.

அப்புறம்தான் உண்மையான உழைப்பு. மணிக்கணக்கான ஒலிநாடாவைத் திரும்பத் திரும்பக் கேட்டு, உயிருள்ள பகுதிகளைக் குறித்து, பிளேடால் வெட்டி ஒட்டுவது. கம்ப்யூட்டர் கிடையாது. தவறான இடத்தில் வெட்டினால் அன்டூ பட்டனும் கிடையாது. நாடா வினாடிக்கு 38 சென்டிமீட்டர் ஓடும் கணக்கில் பார்த்தால், ஹாலெலுவா என்ற 18½ நிமிடப் பாட்டு மட்டும் 400 மீட்டருக்கு மேல் நீளும். தாளம் ஒரு இழை பிசகாமல் அதில் வெட்டும் இடம் கண்டுபிடிக்க வேண்டும். கலைத்துப் போட்ட இசை என்று இதைச் சொல்கிறவர்களிடம் நான் சொல்வது, வாசித்தது மட்டும்தான் கட்டற்றது, வெட்டியது கறார்.

“அந்தக் காலத்து ஸ்டுடியோன்னா 16 ட்ராக் இருந்திருக்குமே?”

பெரிய ஸ்டுடியோக்களில் இருந்தது. இவர்களிடம் இருந்தது இரண்டு ட்ராக் ரெக்கார்டர்கள். பல ட்ராக் இருந்தால் டிரம்ஸ் ஒன்றில், குரல் ஒன்றில் என்று பிரித்துப் பதிந்து, பிறகு ஒவ்வொன்றின் அளவையும் கூட்டிக் குறைக்கலாம். இரண்டே ட்ராக்கில் அது நடக்காது. வாசிக்கும்போதே சமநிலை சரியாக இருக்க வேண்டும். கிட்டார் சத்தமாக இருக்கிறதா, கிட்டார்காரர்தான் அடக்கி வாசிக்க வேண்டும், வேறு வழியில்லை.

அதனால்தான் இந்த ஆல்பத்தில் ஒருவர் மற்றவரைக் கவனிப்பது காதில் விழுகிறது. கூடுதல் ஒலி சேர்க்க வேண்டுமென்றால், ஒரு ரெக்கார்டரில் இருப்பதை ஓடவிட்டு, புதியதையும் சேர்த்து இன்னொன்றில் பதிய வேண்டும். ஒவ்வொரு தடவையும் இரைச்சல் கொஞ்சம் ஏறும். நான் கொடுத்த காப்பியில் ‘உஸ்’ சத்தம் கேட்கிறது என்று புகார் சொன்னவர்களுக்கும் இதுதான் பதில்.

“டிரம்ஸ் மெஷின்தானே அது? மனுஷன் இப்படி வாசிக்க முடியாது.”

மனுஷன்தான். லீபட்சைட் முதலில் ஃப்ரீ ஜாஸ் வாசித்தவர். நிலையான தாளமே கூடாது என்பதுதான் அந்த இசையின் எழுதப்படாத சட்டம். அது அவருக்குச் சலித்துப்போயிற்று. ஒரு கச்சேரிக்குப் பிறகு யாரோ ஒருவர், போதையில் இருந்தாராம், அவரிடம் வந்து “நீ ஒரே மாதிரி வாசிக்கணும்” என்று சொல்லிவிட்டுப் போனார். வேறு யாராவது என்றால் சிரித்திருப்பார்கள். லீபட்சைட் அதை வேதவாக்காக எடுத்துக்கொண்டார்.

ஹாலெலுவாவைக் கேளுங்கள். அடிப்படைத் தாளம் ஒன்றேதான். ஆனால் ஐந்து நிமிடம் போனதும் உங்கள் காது சின்னச் சின்ன மாற்றங்களைப் பிடிக்க ஆரம்பிக்கும், ஒரு அடி கொஞ்சம் அழுத்தமாக, ஒன்று கொஞ்சம் தள்ளி. மேலே கிட்டார், கீபோர்டு, குரல் எல்லாம் வந்து வந்து போகும். தரை மாறாது. உண்மையிலேயே மெஷின் இருக்கும் பாட்டு பீகிங் ஓ. அதில் ஆரம்பகாலத் தாள இயந்திரம் ஒன்று ஓடுகிறது. இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் எது மனுஷன் என்ற சந்தேகம் தீர்ந்துவிடும்.

“என்ன பாஷையில பாடறார்? ஒரு வரிகூட பிடிபடல.”

ஆங்கிலம், ஜப்பான் மொழி, எந்த மொழியிலும் சேராத ஒலிகள், எல்லாம் கலந்து. ஓ யே பாட்டின் தொடக்கத்தில் குரலைத் தலைகீழாக ஓடவிட்டிருக்கிறார்கள், அதே பாட்டில் பிற்பாடு ஜப்பான் மொழி வரும். பீகிங் ஓவில் மொழியே உடைந்து, வேகமான உளறலாகப் போய்விடுகிறது. சுசுகியின் குரலை வரி சொல்லும் குரலாகக் கேட்காமல், ஐந்தாவது வாத்தியமாகக் கேட்டால் தலைவலி இருக்காது.

ஆனால் அர்த்தமே இல்லை என்றும் தள்ள முடியாது. மஷ்ரூம் பாட்டில் சிவந்த வானமும், பிறந்ததும் இறந்ததும் ஒன்றாக வருகின்றன. பாட்டு ஒரு வெடிச்சத்தத்தில் முடிந்து அடுத்த பாட்டில் கலக்கிறது. போதைக் காளான் என்று சிலர் சொல்வார்கள், அணுகுண்டுப் புகை என்று சிலர். பாடுகிறவர் ஹிரோஷிமாவுக்கு ஐந்து வருடம் கழித்து ஜப்பானில் பிறந்தவர். நான் இரண்டாவது கட்சி.

“ஏழே பாட்டுக்கு ரெண்டு தட்டு எதுக்கு? பாதியைக் குறைச்சிருக்கலாமே!”

அந்த யோசனை அப்போதே இருந்தது. மொத்தம் 73 நிமிடம். முதல் தட்டில் ஒரு பக்கம் பேப்பர்ஹவுஸ், மஷ்ரூம், ஓ யே. மறுபக்கம் முழுக்க ஹாலெலுவா. இதோடு நிறுத்தியிருந்தால் ஒழுங்கான ஒரு ராக் ஆல்பம். இரண்டாவது தட்டில் ஒரு பக்கம் முழுக்க ஆம்ன், மறுபக்கம் பீகிங் ஓவும் ப்ரிங் மீ காஃபி ஆர் டீயும். இதை யார் வாங்குவார்கள்?

இரட்டைத் தட்டாகத்தான் வர வேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றவர் ஷ்மிட்டின் மனைவி ஹில்டகார்ட். குழுவின் நிர்வாகம் பிற்பாடு முழுக்க அவர் கைக்குத்தான் வந்தது. வெளியிட்ட யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸ் நிறுவனத்தைச் சம்மதிக்க வைத்ததும் அவர். டாகோ மாகோவைப் பற்றிப் பேசும்போது வாத்தியக்காரர்கள் ஐந்து பேரைச் சொல்லிவிட்டு இவரை விட்டுவிடுவது அநியாயம். இவர் இல்லையென்றால் இந்த ஆல்பத்தின் பாதி அலமாரியில் தூங்கியிருக்கும்.

“அந்த மூணாவது பக்கம் ‘ஆம்ன்’… நம்ம ஓம் தானே அது?”

வேர் அதுதான், வந்த வழி வேறு. ஓம் என்பதை க்ரோலி தன் மாந்திரீக எழுத்துகளில் சில எழுத்துகளைக் கூட்டி மாற்றி வைத்துக்கொண்டார். அந்த வடிவம்தான் பாட்டின் தலைப்பு. அதனால் இதில் இந்தியத் தத்துவம் தேடிப் போக வேண்டாம், ஒரு ஆங்கிலேயரின் கைப்பக்குவம் ஆன ஓம் இது.

நீட்டி முழக்கும் அந்தக் குரல் சுசுகியுடையது அல்ல, ஷ்மிட்டுடையது. பதினேழரை நிமிடம் எதிரொலிகளும், இழுபடும் நாடாவும், இருட்டில் யாரோ சாமான்களை நகர்த்துவது போன்ற ஓசைகளும். கடைசியில் லீபட்சைட் டிரம்ஸில் இறங்கி ஏற்றிக்கொண்டே போவார், அதுவரை பொறுத்தவர்களுக்குக் கூலி அங்கே இருக்கிறது. ராத்திரி வீட்டில் பெரியவர்கள் தூங்கும்போது ஸ்பீக்கரில் போடாதீர்கள். அனுபவத்தில் சொல்கிறேன்.

“முதல் தட்டு சூப்பர். ரெண்டாவது தட்டுல ஓடிட்டேன். நான் மட்டும்தானா?”

முக்கால்வாசிப் பேர் அப்படித்தான். நானும் பல மாதம் முதல் தட்டோடு நிறுத்திக்கொண்டேன். கடைசிப் பாட்டான ப்ரிங் மீ காஃபி ஆர் டீயில் தொடங்கிப் பாருங்கள், அது மெல்லிய, தூக்கக் கலக்கமான பாட்டு. பிறகு ஹாலெலுவா. அதில் பாடல் வரிகளுக்குள்ளேயே பேப்பர்ஹவுஸ், மஷ்ரூம், ஓ யே என்று முந்தைய பாட்டுகளின் பெயர்கள் வந்து போவதைக் கவனியுங்கள். ஆம்னைக் கடைசியில், தனியாக. பீகிங் ஓ பிடிக்கவில்லையென்றால் விட்டுவிடுங்கள். எனக்கே இன்னும் முழுதாகப் பிடிக்கவில்லை.

“வெட்டி ஒட்டினதுன்னா அது ஏமாத்து வேலை இல்லையா? நேர்ல அப்படி வாசிக்க முடியுமா?”

வெட்டுவது பற்றி மேலே சொன்னதைப் படித்தவர்கள் கேட்கும் நியாயமான கேள்வி. நேரில் அவர்கள் தட்டில் இருப்பதை அப்படியே வாசிக்க முயலவே இல்லை. மேடையில் அதே பாட்டு வேறு பாதையில் போகும், சில நாள் எங்கும் போகாமல் நிற்கவும் செய்யும். 2011இல் வந்த நாற்பதாம் ஆண்டுப் பதிப்போடு 1972 மேடைப் பதிவுகள் கொண்ட தட்டும் சேர்ந்து வந்தது. அதில் மஷ்ரூமும் ஹாலெலுவாவும் உண்டு. ஒப்பிட்டுப் பார்க்கலாம்.

ஸ்டாக்ஹவுசன் போன்றவர்கள் நாடாவை வெட்டி ஒட்டுவதையே இசையமைப்பாகச் செய்தவர்கள். சூகாய் அந்தப் பாடத்தை எடுத்து, நான்கு பேர் வியர்க்க வியர்க்க வாசித்த தாளத்தின் மேல் போட்டார். சினிமாவில் எடிட்டிங் ஏமாற்று என்று யாரும் சொல்வதில்லையே. இதில் மட்டும் ஏன் கோபம்?

வெட்டியதில் கீழே விழுந்தவை எங்கே போயின என்பதற்கும் பதில் உண்டு. பல வருடம் கழித்து குழுவின் ஸ்டுடியோ ஒரு அருங்காட்சியகத்துக்குப் போனபோது, 30 மணி நேரத்துக்கும் மேற்பட்ட பழைய நாடாக்கள் கிடைத்தன. அதிலிருந்து தேர்ந்தெடுத்து 2012இல் ‘த லாஸ்ட் டேப்ஸ்’ என்று மூன்று தட்டுகளாக வெளியிட்டார்கள். அந்த மூன்றையும் கேட்டால் சூகாய் எவ்வளவு நல்லதையும் வெட்டி எறிந்திருக்கிறார் என்பது தெரியும்.

“இதைக் க்ராட்ராக்னு சொல்லலாமா?”

கடையில் அந்தப் பெயர் ஒட்டிய அலமாரியில்தான் இருக்கும். ஆனால் க்ராட் என்பது முட்டைக்கோஸ் ஊறுகாயை வைத்து ஜெர்மானியர்களை மட்டம் தட்ட, போர்க்காலத்தில் ஆங்கிலம் பேசும் படையினரிடம் புழங்கிய வசை. பிரிட்டிஷ் இசைப் பத்திரிகைகள் அதை ராக்கோடு ஒட்டவைத்தன. கேன், நொய், ஃபௌஸ்ட், க்ராஃப்ட்வெர்க் என்ற ஜெர்மன் குழுக்கள் எல்லாம் ஒரே மூட்டையில் விழுந்தன. இவர்களுக்குள் ஒலியில் ஒற்றுமை குறைவு.

ஒற்றுமை வேறிடத்தில் இருக்கிறது. எல்லோரும் போரின் இடிபாட்டிலோ அதன் நிழலிலோ வளர்ந்தவர்கள். ஷ்மிட் பள்ளி மாணவனாக இருந்தபோது, ஆசிரியர்களின் நாஜிக் கடந்தகாலத்தைப் பள்ளிப் பத்திரிகையில் போட்டு வெளியேற்றப்பட்டவர். அப்பா தலைமுறையின் இசையும் வேண்டாம், அமெரிக்க ப்ளூஸைக் காப்பியடிப்பதும் வேண்டாம் என்றால் மீதி என்ன? அதைத்தான் தேடினார்கள். அவசரத்துக்கு நானும் க்ராட்ராக் என்று சொல்லிவிடுவேன், அப்புறம் நாக்கைக் கடித்துக்கொள்வேன்.

“அப்போ ஹிட் ஆச்சா?”

விமர்சகர்கள் ஆச்சரியப்பட்டார்கள், பெரிய விற்பனை இல்லை. ஹிட் அடித்தது அதற்குப் பின்னால் வந்த ஸ்பூன் என்ற மூன்று நிமிடப் பாட்டு. தாஸ் மெஸ்ஸர் என்ற தொலைக்காட்சித் துப்பறியும் தொடரின் பாட்டு அது. ஜெர்மன் பட்டியலில் ஆறாவது இடம், விற்றது 3 லட்சம். பெயரும் பணமும் வந்த கையோடு 1972 பிப்ரவரியில் கொலோனில் ஒரு இலவசக் கச்சேரி நடத்தினார்கள், பத்தாயிரம் பேர் வந்தார்கள். அதற்கு முன்பே கோட்டையை விட்டு, வைலர்ஸ்விஸ்ட் என்ற ஊரில் ஒரு பழைய சினிமாக் கொட்டகைக்கு ஸ்டுடியோவை மாற்றினார்கள். சத்தம் வெளியே போகாமல் இருக்கச் சுவர் முழுக்க ராணுவ மெத்தைகளை அடித்தார்கள். மேலே சொன்ன அருங்காட்சியகத்துக்குப் போனது இந்த ஸ்டுடியோதான்.

“இதைக் கேட்டு யாராவது மாறினாங்களா? சும்மா பெரிய பேருதானா?”

1977 கோடையில், செக்ஸ் பிஸ்டல்ஸ் என்ற பங்க் ராக் குழு என்றாலே பிரிட்டன் முகம் சுளித்த நேரத்தில், அதன் பாடகர் ஜான் லைடன் லண்டன் வானொலி நிகழ்ச்சி ஒன்றில் தனக்குப் பிடித்த தட்டுகளைப் போட்டார். அதில் ஹாலெலுவாவும் ஒன்று. பழைய ராக்கைக் கொளுத்த வந்த பையன் 1971ஆம் வருடத்து ஜெர்மன் தட்டைப் போட்டது பலருக்குப் புரியவில்லை. அடுத்து அவர் தொடங்கிய பப்ளிக் இமேஜ் லிமிடெட் குழுவின் பாஸையும் டிரம்ஸையும் கேட்டால் புரியும்.

த ஃபால் குழு 1985இல் சுசுகியின் பெயரிலேயே ஒரு பாட்டுப் போட்டது. ஜீஸஸ் அண்ட் மேரி செயின் குழுவினர் மஷ்ரூமை எடுத்து வாசித்தார்கள். ரேடியோஹெட் குழுவினர், கிட் ஏ ஆல்பம் செய்த காலத்தில், நீளமாக வாசித்துப் பிறகு வெட்டுவது என்ற முறைக்கு கேனை முன்மாதிரியாகச் சொன்னார்கள். ராப் பாடகர் கான்யே வெஸ்ட் 2007இல் எடுத்தாண்ட துண்டு இந்த ஆல்பத்திலிருந்து அல்ல, அடுத்து வந்த ஏகே பாம்யாசியிலிருந்து. அதை இதோடு குழப்பி என்னிடம் பந்தயம் கட்டித் தோற்றவர் ஒருவர் இன்னும் டீ வாங்கித் தரவில்லை.

“ரெண்டு விதமா அட்டை இருக்கே, எது ஒரிஜினல்?”

ஆரஞ்சு நிறத்தில், தலையின் பக்கவாட்டு உருவமும் உள்ளே மூளையும் தெரிகிறதே, அது ஜெர்மன் அட்டை. பிரிட்டனில் வந்த முதல் பதிப்புக்கு வேறு அட்டை, புகைப்படத்தோடு. உள்ளே இசை ஒன்றுதான். சிடியில் வாங்கினால் மொத்தமும் ஒரே தட்டில் அடங்கிவிடும். ஆனால் எழுந்து போய்ப் பக்கம் திருப்பும் வேலை போய்விடுகிறது, ஹாலெலுவா முடிந்த கையோடு மூச்சுவிட இடைவெளி இல்லாமல் ஆம்ன் வந்து விழும். சிடியில் கேட்பவர்கள் அந்த இடத்தில் நிறுத்திவிட்டு ஒரு காபி போட்டுக்கொண்டு வாருங்கள்.

“இப்ப யாராவது இருக்காங்களா? கச்சேரிக்குப் போக முடியுமா?”

கரோலி 2001இல் போய்விட்டார். 2017 ஜனவரியில் லீபட்சைட், அதே வருடம் செப்டம்பரில் சூகாய். சுசுகி 1973இல் குழுவை விட்டுச் சில காலம் இசையையே விட்டிருந்தார். திரும்பி வந்த பிறகு ஊர் ஊராகப் போய், அந்தந்த ஊர் வாத்தியக்காரர்களோடு ஒத்திகையே இல்லாமல் மேடையேறிப் பாடினார், ம்யூனிக்கில் முதல் நாள் செய்தது போலவே. புற்றுநோயோடு பத்து வருடம் போராடி 2024 பிப்ரவரியில் இறந்தார். இந்த ஆல்பத்தில் வாசித்த ஐவரில் இருப்பவர் ஷ்மிட் ஒருவர்தான். 1937இல் பிறந்தவர், தெற்கு பிரான்சில் வசிக்கிறார்.